ஸ்வீடன் ஆவணப்படத்தில் யாசர் அரஃபாத்

ஃபலஸ்தீன் தலைவர் யாசர் அரஃபாத்தின் பழைய பேட்டிகளை ஸ்வீடன் பொதுத் தொலைக்காட்சி தன் காப்பகத்தில் பாதுகாத்து வருகிறது. அங்கு 1958 முதல் 1989 வரை ஒளிபரப்பான செய்திப் படங்களை மட்டுமே தொகுத்து, இயக்குநர் யோரான் ஹூகோ ஓல்சன் 2024-இல் மூன்று மணி நேரத்துக்கும் அதிகமான ஆவணப்படம் ஒன்றை வெளியிட்டார்.

ஆரம்பச் செய்திகளில் இஸ்ரேலின் கூட்டுப் பண்ணைகளே பெருமையாகக் காட்டப்பட்டன. ஃபலஸ்தீனியர் குரல் அரிதாகவே கேட்டது. பின்னர்தான் அகதி முகாம்களும் அரஃபாத்தும் திரைக்கு வந்தனர். 1988 டிசம்பரில் ஸ்டாக்ஹோமுக்கே அவர் அழைக்கப்பட்டார். இந்தியா 1988-லேயே ஃபலஸ்தீனை அங்கீகரித்தது. ஸ்வீடன் 2014-இல் அங்கீகரித்தது.

ஒவ்வொரு காட்சியையும் யார், எந்த ஆண்டு எடுத்தார் என்பது பதிவாகியிருப்பதால்தான் இந்த மாற்றத்தை நம்மால் அறிய முடிகிறது. ஹதீஸ் கலையில் மத்னுடன் இஸ்னாதையும் பார்ப்பது இதற்காகவே. செய்தி வந்தால் தீர விசாரிக்குமாறு சூரா அல்ஹுஜுராத் (49:6) கட்டளையிடுகிறது.

நாகூரில் நம் வீட்டு வாட்ஸ்அப் குழுக்களில் காஸா காட்சிகள் தினமும் வருகின்றன. வேறு நாட்டுப் பழைய வீடியோவை காஸா என்று அனுப்பினால், அங்குள்ளவர்களின் உண்மையான சாட்சியமும் சந்தேகத்துக்கு உள்ளாகும். எடுத்தவர், இடம், தேதி தெரியாததை ஃபார்வர்டு செய்யாதீர்கள். மஜ்லூம்களுக்காக துஆ செய்யுங்கள்.