டைட்டானிக் படத்தில் ஓடியது யாருடைய என்ஜின்? 5 ஆண்டுக்காகக் கட்டிய கப்பல் 80 ஆண்டு கடந்தும் தாக்குப்பிடிப்பது எப்படி?

'டைட்டானிக்' படத்தை எத்தனை முறை பார்த்திருந்தாலும் அந்தக் காட்சி மறக்காது. கப்பலை முழு வேகத்தில் செலுத்த கேப்டன் உத்தரவு போடுவார். அடுத்த நொடி, என்ஜின் அறையில் ராட்சத இரும்புத் தண்டுகள் மேலும் கீழுமாக ஏறி இறங்கத் தொடங்கும்.

அதில் பலருக்கும் தெரியாத ஒரு விஷயம் இருக்கு. அந்தக் காட்சியில் நிஜமாகவே ஓடியது டைட்டானிக்கின் என்ஜின் அல்ல. இரண்டாம் உலகப் போரில் குண்டும் உணவும் ஏற்றிச் சென்ற ஒரு சரக்குக் கப்பலின் என்ஜின் அது. கப்பலின் பெயர் எஸ்.எஸ். ஜெரமையா ஓ'பிரையன். ஐந்து ஆண்டு ஓடினாலே போதும் என்று நினைத்துக் கட்டப்பட்ட இந்தக் கப்பல், இன்றும் அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோவில் மிதக்கிறது.

அப்படி என்ன இருக்கிறது இந்தக் கப்பலில்? விரிவாகப் பார்க்கலாம்.

அவசரத்தில் பிறந்த 'லிபர்ட்டி' கப்பல்கள்

போரின் தொடக்க ஆண்டுகளில் பிரிட்டனுக்கு உணவு, எரிபொருள், ஆயுதம் எல்லாமே கடல் வழியாகத்தான் போய்ச்சேர வேண்டும். ஆனால் அட்லாண்டிக் கடலில் ஜெர்மனியின் நீர்மூழ்கிக் கப்பல்கள் சரக்குக் கப்பல்களை வரிசையாக மூழ்கடித்துக்கொண்டிருந்தன. மூழ்குவதைவிட வேகமாகப் புதிய கப்பல்களைக் கட்டினால்தான் போரில் தாக்குப்பிடிக்க முடியும் என்ற நிலை.

இதற்காக அமெரிக்கா கையில் எடுத்ததுதான் லிபர்ட்டி கப்பல் திட்டம். பிரிட்டனின் பழைய சரக்குக் கப்பல் வடிவமைப்பை எடுத்து, எளிமையாக்கி, ஒரே அச்சில் வார்த்தது மாதிரி கப்பல்களைக் கட்டித் தள்ளினார்கள். முதல் கப்பலான பேட்ரிக் ஹென்றி 1941 செப்டம்பர் 27 அன்று தண்ணீரில் இறங்கியது. 1945-க்குள் 2,700-க்கும் அதிகமான கப்பல்கள் தயாராகிவிட்டன.

தகடுகளை ஆணி அடித்து இணைக்கும் பழைய முறைக்குப் பதிலாக வெல்டிங் வந்தது. கப்பலின் பாகங்கள் வெவ்வேறு இடங்களில் தயாராகி, கடைசியில் ஒன்றாகப் பொருத்தப்பட்டன. அதுவரை கப்பல் தளத்தையே பார்த்திராத ஆயிரக்கணக்கான பெண்கள் வெல்டிங் கற்றுக்கொண்டு வேலைக்கு வந்தார்கள்.

மெய்ன் மாநிலத்தின் சவுத் போர்ட்லேண்டில் 1943 மே மாதம் ஜெரமையா ஓ'பிரையனைக் கட்டத் தொடங்கினார்கள். ஜூன் 19-ல் தண்ணீரில் இறக்கினார்கள். ஜூன் மாத முடிவில் வேலைக்கே அனுப்பிவிட்டார்கள். எல்லாம் சேர்த்து எட்டே வாரம். இன்று ஒரு வீட்டுக்கு மாடி எடுக்கவே அதைவிட அதிக நாள் ஆகிவிடும்.

பழைய என்ஜினை ஏன் தேர்ந்தெடுத்தார்கள்?

1940-களில் நீராவி டர்பைன், டீசல் என்ஜின் எல்லாம் வந்துவிட்டன. இருந்தும் லிபர்ட்டி கப்பல்களில் பொருத்தப்பட்டது, டைட்டானிக் காலத்திலேயே புழக்கத்தில் இருந்த 'மும்முறை விரிவு' நீராவி என்ஜின். காரணம் எளிது. டர்பைன்களும் அவற்றுக்கான கியர்களும் போர்க்கப்பல்களுக்கே போதவில்லை. இந்தப் பழைய ரக என்ஜினை என்றால் சாதாரண தொழிற்சாலையிலும் செய்துவிடலாம். புதிதாக வேலைக்கு வந்தவரும் சீக்கிரம் ஓட்டப் பழகிவிடலாம்.

இது வேலை செய்யும் விதம் கரும்பு பிழிவது போலத்தான். கரும்பை ஒரு முறை பிழிந்ததும் சக்கையைத் தூக்கிப் போடாமல், திரும்பத் திரும்ப ஆலையில் கொடுத்துக் கடைசிச் சொட்டு வரை எடுப்பார்கள் இல்லையா? அதே மாதிரி, கொதிகலனில் இருந்து வரும் நீராவி முதலில் 24.5 அங்குல விட்டமுள்ள சிறிய சிலிண்டருக்குள் போய் பிஸ்டனைத் தள்ளும். பிறகு 37 அங்குல சிலிண்டர், கடைசியாக 70 அங்குல சிலிண்டர். அழுத்தம் குறையக் குறைய சிலிண்டர் பெரிதாகும். வேலை முடிந்த நீராவியைக் கடல் நீரால் குளிரவைத்துத் தண்ணீராக்கி, மறுபடியும் கொதிகலனுக்கே அனுப்பிவிடுவார்கள்.

மூன்று மாடி உயரமுள்ள இந்த என்ஜினின் சக்தி 2,500 குதிரைத்திறன். நிமிடத்துக்கு 76 சுற்று. எண்ணெய் விடும் பணியாளர், சுழன்றுகொண்டிருக்கும் தண்டுகளின் தாளத்துக்கு ஏற்பக் கையை நீட்டி, பேரிங் சூடாகிறதா என்று தொட்டுப் பார்ப்பார். கை ஒரு நொடி தப்பினாலும் ஆபத்துதான்.

மணிக்கு 20 கிலோமீட்டர்... பின்னால் நீர்மூழ்கி

கப்பலின் நீளம் சுமார் 441 அடி. ஐந்து சரக்கு அறைகள். 9,000 டன்னுக்கு மேல் சுமக்கும். ஆனால் வேகம் 11 நாட், அதாவது மணிக்குச் சுமார் 20 கிலோமீட்டர் மட்டுமே. கடல் மட்டத்தில் ஓடும் ஜெர்மன் நீர்மூழ்கி இதைவிட வேகமாகப் போகும். துரத்தினால் தப்பிக்க வழியே இல்லை. அதனால்தான் சரக்குக் கப்பல்கள் கூட்டமாக, போர்க்கப்பல்களின் காவலுடன் அட்லாண்டிக்கைக் கடந்தன. அப்படியும் சுமார் 200 லிபர்ட்டி கப்பல்கள் போரில் பறிபோயின.

ஓ'பிரையன் போர்க்காலத்தில் ஏழு நெடும்பயணங்கள் போனது. 1944 ஜூனில் நேச நாட்டுப் படைகள் பிரான்சின் நார்மண்டி கடற்கரையில் இறங்கிய பிறகு, இங்கிலாந்துக்கும் அந்தக் கரைக்கும் இடையே 11 முறை ஆட்களையும் தளவாடங்களையும் சுமந்து போய்வந்தது. பிறகு பசிபிக், இந்தியப் பெருங்கடல் பக்கம் திரும்பி, பிலிப்பைன்ஸ், ஆஸ்திரேலியா, இந்தியா வரை வந்து போனது.

இந்தக் கப்பல்களை ஓட்டியவர்கள் கடற்படை வீரர்கள் அல்ல, வணிகக் கப்பல் மாலுமிகள். பீரங்கிகளைக் கையாள மட்டும் கடற்படையினர் சிலர் உடன் இருப்பார்கள். ஒரே கப்பலில், ஒரே குண்டுக்கு இலக்காகிப் பயணம் செய்தவர்கள்தான். ஆனால் போர் முடிந்ததும் கடற்படையினருக்குக் கிடைத்த முன்னாள் படைவீரர் என்ற அங்கீகாரம் மாலுமிகளுக்குக் கிடைக்கவில்லை. நீதிமன்றப் படியேறிய பிறகு, 1988-ல்தான் கிடைத்தது. அதற்குள் பலர் இறந்தே போயிருந்தார்கள்.

அவசரத்துக்குக் கொடுத்த விலை

வேகமாகக் கட்டியதில் சிக்கலும் வந்தது. சில லிபர்ட்டி கப்பல்களின் உடல் குளிர்ந்த கடலில் திடீரென விரிசல் விட்டது. சில இரண்டாகவே பிளந்தன. முதலில் பழி வெல்டிங் செய்தவர்கள் மீது விழுந்தது. கேம்பிரிட்ஜைச் சேர்ந்த உலோகவியலாளர் கான்ஸ்டன்ஸ் டிப்பர் ஆராய்ந்தபோது வேறு உண்மை தெரிந்தது. குளிர் ஒரு அளவைத் தாண்டினால் அந்த எஃகு வளையாமல், கண்ணாடி போல உடையும் தன்மைக்கு மாறிவிடுகிறது. ஆணி அடித்த கப்பலில் விரிசல் ஒரு தகட்டோடு நின்றுவிடும். வெல்டிங் செய்த கப்பலிலோ தடையே இல்லாமல் ஓடும். அதன்பிறகு கூர்மையான மூலைகள் வளைவாக்கப்பட்டன, உடலுக்கு வலுவூட்டும் பட்டைகள் சேர்க்கப்பட்டன.

காயலான் கடைக்குப் போகாமல் தப்பியது எப்படி?

போர் முடிந்ததும் பல லிபர்ட்டி கப்பல்கள் விற்கப்பட்டன. கிரேக்க முதலாளிகள் 100 கப்பல்களை வாங்கி, அதை வைத்தே தங்கள் வணிகத்தை மீட்டெடுத்தார்கள். ஓ'பிரையன் 1946-ல் கலிபோர்னியாவின் சூசன் விரிகுடாவில் கட்டிப்போடப்பட்டது. அங்கே 33 ஆண்டுகள். சுற்றி நின்ற கப்பல்கள் ஒவ்வொன்றாக உடைக்கப் போயின.

உடைக்க அனுப்பும் பொறுப்பில் இருந்த அதிகாரிகளில் ஒருவரான தாமஸ் பேட்டர்சனே இதைக் காப்பாற்றினார். பெரிதாக மாற்றம் எதுவும் செய்யப்படாமல் இருந்த இந்தக் கப்பலின் பெயரைப் பட்டியலின் கடைசிக்குத் தள்ளிக்கொண்டே இருந்தார். 1979 அக்டோபரில் தன்னார்வலர்கள் கொதிகலனைப் பற்றவைத்தார்கள். மற்ற கப்பல்களை அங்கிருந்து இழுத்துச் செல்வதுதான் வழக்கம். ஓ'பிரையன் சொந்த என்ஜினில் கிளம்பியது.

1994-ல் அடுத்த சாதனை. பனாமா கால்வாய் வழியாக மறுபடியும் நார்மண்டிக்கே போனது. மாலுமிகளில் பெரும்பாலோர் 70 வயதை ஒட்டிய முதியவர்கள். படையெடுப்பில் பங்கேற்ற பெரிய கப்பல்களில் 50-வது ஆண்டு நினைவுக்குத் திரும்பி வந்தது இது ஒன்றுதான்.

2020 மே 23 அதிகாலை, கப்பல் நின்றிருந்த துறைமேடையில் பெருந்தீ. பக்கத்துக் கிடங்கு சாம்பலானது. தீயணைப்புப் படகு ஒன்று தண்ணீரைப் பீய்ச்சிக் கப்பலைக் காப்பாற்றியது.

இனி என்ன?

எளிமையான என்ஜின், யார் வேண்டுமானாலும் கற்றுக்கொள்ளும் அமைப்பு, எல்லாக் கப்பலுக்கும் பொருந்தும் ஒரே மாதிரி உதிரி பாகம். அவசரத்துக்காகச் செய்த இந்த ஏற்பாடுகள்தான் கப்பலின் ஆயுளையும் நீட்டித்தன. உதிரி பாகத்தைப் பழைய கப்பல்களில் கழற்றி எடுத்துக்கொள்ளலாம். ஆனால் பேரிங் சூட்டைக் கையால் தொட்டே கண்டுபிடிக்கும் அனுபவத்தை எங்கிருந்தும் கழற்ற முடியாது. போர்க்கால மாலுமிகள் ஏறக்குறைய எல்லோரும் போய்விட்டார்கள். அவர்களிடம் கற்றுக்கொண்டவர்கள் அடுத்தவர்களுக்குக் கற்றுக்கொடுக்கும் வரைக்கும்தான் அந்த என்ஜின் சுற்றும்.