ஒலியை எழுதியவர்கள்

நுழையும்முன்

காற்றில் மிதக்கும் மந்திர ஒலியைக் கேட்டு, அதனை ஏட்டில் எழுதிவைக்கும் எழுத்தர்களைக் கற்பனைக் கதைகளில் கண்டிருப்பீர்கள். நம் நாட்டில் உண்மையாகவே ஒலியை எழுதியவர்கள் வாழ்ந்திருக்கிறார்கள். அவர்களைப் பற்றி அறிவோம்.

மாணவர்களே! ஓவியம் சுவரில் நிற்கும். சிலை கோயிலில் நிற்கும். பாட்டோ பாடி முடித்த கணத்திலேயே மறைந்துவிடுகிறது. கேட்டவரின் நினைவில் மட்டுமே அது எஞ்சுகிறது. அந்நினைவும் மறைந்தால் பாட்டும் மறையும். இதனைத் தடுக்கவே மனிதர் ஒலிக்கு எழுத்து வடிவம் தர முயன்றனர்.

கல்லில் எழுதிய ஒலி

பாலக்காட்டுக் கணவாயைக் கடந்து கிழக்கே சென்றால் கோயம்புத்தூரும், அதற்கு அப்பால் ஈரோடு மாவட்டமும் வரும். அம்மாவட்டத்து அரச்சலூரில், ஒரு மலைக்குகையில் மிகப் பழைய கல்வெட்டு ஒன்று உள்ளது. தா, தை, தே போன்ற ஒலிகள் வரிக்கு ஐந்தாக, ஐந்து வரிகளில் அதில் பொறிக்கப்பட்டுள்ளன. இடமிருந்து படித்தாலும் வலமிருந்து படித்தாலும் ஒரே ஒலியே வரும். இவை ஆடலுக்குரிய சொற்கட்டுகள் என்று அறிஞர் கருதுகின்றனர். அவ்வெழுத்துகளை இணைத்து அமைத்தவர் பெயரும் அங்கேயே உள்ளது. அவர் தேவன் சாத்தன் என்னும் வண்ணக்கன். வண்ணக்கன் என்பவர் நாணயத்தின் தரத்தை ஆராய்பவர். பொன்னின் தரம் பார்த்த கண், ஒலியின் ஒழுங்கையும் கண்டது.

புதுக்கோட்டை மாவட்டத்துக் குடுமியான்மலையில் மற்றொரு கல்வெட்டு உள்ளது. ஏறத்தாழ 7ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த அதில், இசையின் சுரங்கள் ஏழு பகுதிகளாகக் கிரந்த எழுத்தில் வெட்டப்பட்டுள்ளன. ஒரே சுரம் ‘ர, ரி, ரு, ரெ’ என உயிரொலி மாறி மாறி வருகிறது. அம்மாற்றங்கள் எதனைக் குறித்தன என்பதில் அறிஞரிடையே இன்றும் கருத்து வேறுபாடு உண்டு. கல் அப்படியே இருக்கிறது. எழுத்தும் தெளிவாக இருக்கிறது. ஆனால், அதனைப் பாடிக்காட்டும் குரல் இல்லை.

எழுத்துக்குச் செவி வேண்டும்

‘பாம்பு’ என்னும் சொல்லை உரக்கச் சொல்லிப் பாருங்கள். முதலில் வரும் ‘பா’ வன்மையாக ஒலிக்கிறது. இறுதியில் வரும் ‘பு’ மென்மையாக ஒலிக்கிறது. இரண்டிற்கும் அடிப்படை எழுத்து ‘ப்’ ஒன்றே. வேறுபாட்டை உங்களுக்குக் கற்றுத் தந்தது எழுத்தன்று. வீட்டில் தமிழ் கேட்டு வளர்ந்த உங்கள் செவியே. எனவே, ஒலியைக் காக்க எழுத்து, செவி ஆகிய இரண்டும் வேண்டும். பாடுபவர் வாழும்போதே எழுதி, அவரிடமே படித்துக்காட்டித் திருத்திக்கொண்டால்தான் எழுத்து உயிருடன் இருக்கும்.

இவ்வுண்மையை உணர்ந்தவர் சின்னசாமி முதலியார். 19ஆம் நூற்றாண்டின் இறுதியில், அவர் கருநாடக இசைப் பாடல்களை மேலைநாட்டு இசைக்குறியீட்டில் எழுதி வெளியிட்டார். அப்பணியில் அவருடைய கண்பார்வை குன்றியது. ஆயினும் அவர் ஓயவில்லை. முத்துசுவாமி தீட்சிதரின் வழிவந்த சுப்பராம தீட்சிதர் (1839–1906) எட்டயபுரம் அரசவையில் இருந்தார். அவருக்குத் தெரிந்த பாடல்கள் அவருடன் மறைந்துவிடக் கூடாது என்று முதலியார் வலியுறுத்தினார். எட்டயபுரம் அரசரும் துணைநின்றார். ஏறத்தாழ 1,700 பக்கங்கள் கொண்ட ‘சங்கீத சம்பிரதாயப் பிரதர்சினி’ 1904ஆம் ஆண்டு தெலுங்கு எழுத்தில் வெளிவந்தது. முத்துசுவாமி தீட்சிதரின் 229 கீர்த்தனைகள் அதில் உள்ளன. ‘ச ரி க ம ப த நி’ என்னும் எழுத்துகளோடு, சுரம் அசையும் விதத்தைக் காட்டத் தனிக் குறிகளும் அதில் அமைந்தன. ஆனால், அந்நூலைக் காணும் பேறு முதலியாருக்குக் கிட்டவில்லை. அது வெளிவருமுன்னரே அவர் மறைந்தார்.

நம் மலையின் பாடல்கள்

பாலக்காடு மாவட்டத்து அட்டப்பாடியில் இருளர் மக்கள் வாழ்கின்றனர். அவர்கள் மொழிக்கெனத் தனி எழுத்து இல்லை. பாடல்கள் செவிவழியே வந்தவை. அம்மக்களுள் ஒருவரான நஞ்சியம்மா, 2020இல் வெளிவந்த ‘அய்யப்பனும் கோஷியும்’ என்னும் மலையாளத் திரைப்படத்தில் தம் மொழியிலேயே பாடினார். அதற்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது பெற்றார். ஓர் ஊரின் பாட்டு நாடெங்கும் ஒலித்தது. ஆனால், ஊர்தோறும் உள்ள எத்தனையோ பாடல்களுக்கு அவ்வாய்ப்புக் கிட்டுவதில்லை.

மூணாறு, தேவிகுளம், பீர்மேடு ஆகிய இடங்களின் தேயிலைத் தோட்டங்களுக்குத் தமிழகத்திலிருந்து வந்த குடும்பங்கள், தாலாட்டையும் ஒப்பாரியையும் வேலைப் பாட்டையும் உடன் கொண்டுவந்தன. அவை பெரும்பாலும் பாட்டிமாரின் நினைவிலேயே உள்ளன. கைப்பேசியில் பதிவு செய்தால் போதாதா என நீங்கள் கேட்கலாம். பதிவும் தேவையே. எனினும் கைப்பேசி, “இந்தச் சொல்லுக்கு என்ன பொருள், ஆத்தா?” என்று கேட்காது. நீங்கள்தாம் கேட்க வேண்டும். ஆங்கில எழுத்தில் எழுதினால் ‘பழம்’, ‘பலம்’, ‘பாலம்’ மூன்றும் ஒன்றுபோலவே தோன்றக்கூடும். தமிழ் எழுத்தில் அவை வேறுவேறாகவே நிற்கும். நீங்கள் இவ்வகுப்பில் தமிழ் எழுத்துகளைக் கற்பதன் பயன்களுள் இதுவும் ஒன்று.

தேவன் சாத்தனிடம் உளி இருந்தது. சுப்பராம தீட்சிதரிடம் எழுதுகோல் இருந்தது. உங்களிடம் குறிப்பேடு இருக்கிறது. பாடுபவரும் வீட்டில் இருக்கிறார். கேட்பதற்கு இதுவே காலம்.

சொல்லும் பொருளும்

சொற்கட்டு – தாளத்திற்கேற்ப அமைந்த ஒலித்தொகுதி
குன்றியது – குறைந்தது
பேறு – நற்பயன்

சிந்தித்து விடை எழுதுக

1. குடுமியான்மலைக் கல்வெட்டில் எழுத்து இருந்தும் இல்லாதது எது?
2. ‘பாம்பு’ என்னும் சொல் உணர்த்தும் கருத்து யாது?

செயல்பாடு

வீட்டில் உள்ள மூத்தோர் ஒருவரைப் பாடச் சொல்லி, ஒரு பாடலைத் தமிழில் எழுதுக. அவர் ஒலித்தவாறே எழுதுக. எழுத்துவழக்கிற்கு மாற்ற வேண்டா. பின்னர் அவரிடம் படித்துக்காட்டித் திருத்துக. பாடியவர் பெயரையும் ஊரையும் நாளையும் கீழே குறிக்க.