புது ஆறும் பழைய கணக்கும்

போட்டித் தேர்வுக்குப் படிக்கிற தம்பி ஒருவர், பேராவூரணி டீக்கடையில் பக்கத்து பெஞ்சில் உட்கார்ந்தபடி கேட்டார்: "அண்ணே, யூப்ரடீஸ், டைக்ரீஸ், நாகரிகத் தொட்டில்னு மனப்பாடம் பண்றோம். அது எங்கேயோ ஈராக்குல. நமக்கு அதனால இப்ப என்ன?"

கையில் கட்டியிருந்த வாட்சைக் காட்டினேன். மணிக்கு 60 நிமிடம், நிமிடத்துக்கு 60 நொடி என்ற பிரிப்பு, மெசபடோமியாக்காரர்கள் அறுபது அறுபதாக எண்ணிய கணக்கிலிருந்து வந்தது. அந்த ஊர்கள் மண்மேடாகிவிட்டன. கணக்கு மட்டும் பேராவூரணி பஸ் ஸ்டாண்ட் வரை வந்திருக்கிறது.

நம்மிடமும் அப்படி ஒன்று உண்டு. பத்திரத்தில் ஏக்கர், சென்ட் என்று எழுதினாலும், நிலம் பேசும்போது 'மூணு மா' என்றுதான் வாயில் வருகிறது. 100 குழி ஒரு மா, இன்றைய அளவில் சுமார் 33 சென்ட். 20 மா ஒரு வேலி. தஞ்சைப் பெரிய கோயிலில் ராஜராஜன் வெட்டிவைத்த நிலக்கணக்கும் வேலி, மா, காணி, முந்திரிகை என்றுதான் போகிறது. வேலியில் 320-ல் ஒரு பங்கு முந்திரிகை. அதோடும் நிற்கவில்லை, அதற்கும் கீழே பின்னம் பின்னமாக இறங்குகிறார்கள். வரி போடுவதற்கு முன் ஊர்நத்தம், குளம், ஊடே ஓடும் வாய்க்கால், சுடுகாடு எல்லாவற்றையும் கழித்திருக்கிறார்கள். தண்ணீர் பாயாத காட்டில் யாரும் இவ்வளவு நுணுக்கமாக அளக்கமாட்டார்கள்.

"சரிண்ணே, அந்தத் தண்ணி எப்படி வந்துச்சு?" இதற்குக் கொஞ்சம் பொறுமை வேண்டும். இன்னொரு டீ சொன்னோம்.

கல்லணையால் வந்தது. அது மேட்டூர் மாதிரி தண்ணீரைத் தேக்கிவைக்கிற அணை இல்லை. முக்கொம்பில் காவிரி இரண்டாகப் பிரிகிறது. வடக்கே கொள்ளிடம், தெற்கே காவிரி, நடுவே ஸ்ரீரங்கம் தீவு. தீவின் கிழக்கு முனையில் இரண்டும் மறுபடி நெருங்குகின்றன. கொள்ளிடம் தாழ்வாக ஓடுகிறது. சும்மா விட்டால் காவிரித் தண்ணீர் அந்தப் பள்ளத்தில் சரிந்து நேரே கடலுக்குப் போய்விடும். அந்தச் சரிவுக்குக் குறுக்கே வளைந்து கிடக்கிற, சுமார் 1,080 அடி நீளமுள்ள கல்கட்டுதான் பழைய கல்லணை. சாதாரண நாளில் தண்ணீரைத் தஞ்சாவூர்ப் பக்கம் திருப்பும். வெள்ளம் வந்தால் மிச்சத்தைக் கொள்ளிடத்தில் வழியவிடும். பயிருக்கு வேண்டியது இந்தப் பக்கம், வேண்டாதது அந்தப் பக்கம், இவ்வளவுதான் சூட்சுமம்.

பாறை கிடைக்காத வெறும் மணலில் அதை எப்படி நிறுத்தினார்கள் என்பதுதான் எனக்குப் பிடித்த பகுதி. ஓடுகிற ஆற்றில் கணுக்கால் தண்ணீரில் நின்று பாருங்கள். காலடி மணல் அரித்துப் பாதம் மெல்ல இறங்கும், பிறகு ஓரிடத்தில் நின்றுவிடும். பெரிய கற்களை அப்படி இறங்கவிட்டு, மேலே மேலே அடுக்கி, இடையில் களிமண் கொடுத்திருக்கிறார்கள். கட்டியவன் கரிகாலன் என்பது வழிவழியாக வரும் செய்தி. காவிரிக்கு அவன் கரை எடுத்ததை, ராஜேந்திரன் காலத்துத் திருவாலங்காட்டுச் செப்பேடு சொல்கிறது.

19-ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயப் பொறியாளர் ஆர்தர் காட்டன் இந்த மணல் அஸ்திவாரத்தைப் பார்த்துப் பாடம் படித்தார். அதை எழுதியும் வைத்தார். 1836-ல் முக்கொம்பில் மேலணை கட்டினார். பின்பு அதே பாடத்தைக் கோதாவரிக்குக் கொண்டுபோனார். தவளேஸ்வரம் அணைக்கட்டு அப்படி 1847-ல் தொடங்கியது. 2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் முக்கொம்பில் கொள்ளிடத்து மதகுகள் ஒன்பது அடித்துப்போனபோது, 'பாத்தீங்களா, கரிகாலன் கட்டினது நிக்குது' என்று வாட்ஸ்ஆப்பில் நிறையச் சுற்றியது. 182 வருடம் நின்றதைக் கேலி செய்வானேன்? கல்லணையும் எத்தனையோ முறை பழுது பார்க்கப்பட்டதுதான்.

இதெல்லாம் பழைய டெல்டாவின் பெருமை. பேராவூரணிக்கு அதில் பூர்வீகப் பங்கு கிடையாது. இது மேட்டுப் பூமி. மழையையும் ஏரி குளத்தையும் நம்பிக் கிடந்த சீமை. 1934-ல் மேட்டூர் அணை திறந்தபோதுதான் கல்லணையிலிருந்து கல்லணைக் கால்வாய் வந்தது. பெரிய கோயிலை ஒட்டி, ஒரத்தநாடு, பட்டுக்கோட்டைச் சீமை வழியாகச் சுமார் 150 கிலோமீட்டர் ஓடி, புதுக்கோட்டை மாவட்டம் வரை போகிறது. 2 லட்சம் ஏக்கருக்கு மேல் அதை நம்பியிருக்கிறது. 90 வயது தாண்டியும் ஊர்வாயில் அது புது ஆறுதான். நாம் கடைமடை. ஜூன் 12-ல் மேட்டூர் திறந்தால் கல்லணைக்கு வரவே மூன்று நான்கு நாள் ஆகும். அதன்பிறகு முறை வைத்து விட்டு, மேல்மடைக்காரர் வயிறு நிறைந்து, மிச்சம் நமக்கு. மதகடியில் மண்வெட்டியோடு ராத்திரி காவல் இருந்தவர்களைக் கேட்டால் மீதியைச் சொல்வார்கள்.

ஈராக்கிடமிருந்து நாம் கற்க வேண்டியது வேறொன்று. தெற்கு மெசபடோமியாவில் வாய்க்கால் வெட்டித் தண்ணீர் கொண்டுவந்தார்கள், வடிய வழி போதவில்லை. வெயிலில் தண்ணீர் ஆவியானது, உப்பு மண்ணில் தங்கியது. உப்பு தாங்காத கோதுமை குறைந்து, தாங்குகிற பார்லி பெருகியது. பிறகு விளைச்சலே விழுந்தது. காவிரிப் படுகை அந்தக் கதிக்குப் போகாததற்கு, ஐப்பசி கார்த்திகை மழை வயலைக் கழுவுவதும், அந்தத் தண்ணீரை வடிகால்கள் கடலுக்குக் கொண்டுபோவதும் பெரிய காரணம்.

சேதுபாவாசத்திரம், மல்லிப்பட்டினம் பக்கம் இந்த ஆபத்து வேறு வழியில் வரும். தென்னைக்கு போர் போட்டு அளவுக்கு மீறி இறைத்தால், கடல்நீர் நிலத்தடியில் உள்ளே நகரும். அதை எதிர்த்து நிற்பது குளத்து நல்ல தண்ணீர்தான். 2018 நவம்பர் கஜா புயல் தென்னையைச் சாய்த்துப்போட்ட பிறகு, நம் இளைஞர்கள் பேராவூரணிப் பெரியகுளத்தைத் தூர்வார இறங்கியது அதனால்தான் பெரிய காரியம்.

வாய்க்கால் தூர்வாரச் சொல்லி மறியல் செய்கிற நாம், வடிகாலை ஆக்கிரமிப்புக்கும் ஆகாயத்தாமரைக்கும் விட்டுவிடுகிறோம். ஆகஸ்ட் 15 கிராமசபையில், உங்கள் ஊர் வடிகால் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது, எந்த இடத்தில் அடைத்திருக்கிறது என்று கேளுங்கள். மழைக்கு முன் வெட்டிவிடத் தீர்மானம் போடச் சொல்லுங்கள்.