சாசனப் படச்சுருளில் வாங்கல் திவான்

1945 ஜூன் 26 அன்று சான் பிரான்சிஸ்கோ நகரின் போர்வீரர் நினைவுக் கட்டட அரங்கில், ஐக்கிய நாடுகள் சபையின் சாசனத்தில் 50 நாடுகளின் பிரதிநிதிகள் கையெழுத்திட்ட நிகழ்ச்சி, கண்கூசும் விளக்குகளின் கீழ்த் திரைப்படக் கருவிகள் ஓடிக்கொண்டிருக்க நடந்தேறியது. ஜெர்மனி சரணடைந்து ஏழு வாரங்களே ஆகியிருந்தன. ஜப்பானுடனான போர் ஓயவில்லை என்பதால் இதுவும் போர்க்காலப் படந்தான். இந்தியாவின் பெயரால் கையெழுத்திட்ட இருவரில் ஒருவர் ஆற்காடு ராமசாமி முதலியார், மற்றவர் வி. டி. கிருஷ்ணமாச்சாரி.

கரூரை அடுத்துக் காவிரியின் தென்கரையில் உள்ள வாங்கல் கிராமத்தில், நிலவுடைமைக் குடும்பமொன்றில் 1881ஆம் ஆண்டு பிறந்தவர் கிருஷ்ணமாச்சாரி. கரூர் வட்டம் 1910இல்தான் திருச்சிராப்பள்ளி மாவட்டத்தோடு சேர்க்கப்பட்டது. அவர் பிறந்தபோது அது கோயம்புத்தூர் மாவட்டத்தின் பகுதி. 1927 முதல் 1944 வரை பரோடா சமஸ்தானத்தின் திவானாக, அதாவது மன்னருக்கு அடுத்தபடியாக நிர்வாகம் முழுவதையும் நடத்தும் முதலமைச்சராக, அவர் விளங்கினார்.

ஒரு நாட்டுக்கு ஏன் இரு கையொப்பம் என்பதற்கு அன்றைய ஆட்சியமைப்பே விடை. ஆங்கிலேயர் நேரடியாக ஆண்ட பகுதிக்கு முதலியாரும், மன்னர்கள் ஆண்ட சமஸ்தானங்களுக்குக் கிருஷ்ணமாச்சாரியும் பேராளராக அனுப்பப்பட்டனர். இருவருமே மக்கள் தேர்ந்தெடுத்தவர்கள் அல்லர். இந்தத் தூதுக்குழு இந்தியாவின் குரலாகாது என்று விடுதலை இயக்கத் தலைவர் விஜயலட்சுமி பண்டிட் அதே நகரில் மாநாட்டுக்கு வெளியே வாதாடிக்கொண்டிருந்தார். படத்திலோ வட்ட மேசையும், பின்னால் அரைவட்டமாக நிற்கும் கொடிகளும், பேனாவைக் கையிலெடுக்கும் கனவான்களுமே தெரிகின்றனர். அவர்களை அனுப்பியவர் யார் என்பதைப் படம் சொல்லாது.

35 மில்லிமீட்டர் படச்சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டங்கள், அதாவது தனித்தனி நிலைப்படங்கள். வினாடிக்கு 24 சட்டங்கள் ஓடுமாகையால், பத்து வினாடிக் காட்சிக்கு 15 அடிச் சுருள் செலவாகும். கையெழுத்திடல் ஏறத்தாழ எட்டு மணி நேரம் நீடித்தது. திரையரங்குகளுக்குச் சென்ற செய்திப்படங்களோ, அதாவது நடப்புச் செய்திகளைத் தொகுத்த குறும்படங்களோ, சில நிமிடங்களே ஓடுபவை. கத்தரிக்கோல் வல்லரசுகளின் பக்கமே சாய்ந்தது என்பதில் வியப்பில்லை. முதலில் கையெழுத்திட்ட சீனாவுக்கும், விருந்தோம்பும் நாடாகக் கடைசியில் கையெழுத்திட்ட அமெரிக்காவுக்கும் கிடைத்த இடம் மற்றவர்க்கு ஏது? ஆகவே சிறிய பேராளர்களைத் தேடுவோர், வெட்டித் தொகுத்த செய்திப்படத்தை விட்டு, வெட்டப்படாத மூலச்சுருளையும், இன்ன நொடியில் இன்னார் என்று ஆவணக் காப்பகம் எழுதிவைக்கும் காட்சிப் பட்டியலையும் நாடவேண்டும்.

இந்தியத் திரையரங்குகளிலோ, போர்க்காலத்தில் இத்தகைய செய்திப்படங்கள் உள்ளிட்ட, அரசு ஒப்புதல் பெற்ற படங்களைக் காட்சிதோறும் திரையிட வேண்டும் என்ற கட்டாயம் இருந்தது. 1943ஆம் ஆண்டு ஆணை விதித்த அளவு 2,000 அடி, ஏறக்குறைய 22 நிமிடம். கோவையில் சாமிக்கண்ணு வின்சென்ட் 1914இல் தொடங்கிய வெரைட்டி ஹால் போன்ற கொட்டகைகளுக்கும் இவ்வாணையே. இந்தக் கட்டாயத்தின்மேல் எழுந்த வெறுப்பால் 1946இல் மத்திய சட்டசபை நிதியை மறுத்ததும், படமெடுத்த அரசுப் பிரிவு கலைக்கப்பட்டது. மறு ஆண்டு ஆகஸ்ட் 15 அன்று டில்லியில் கொடியேறியபோது அதைப் படமாக்க அரசிடம் சொந்தக் குழுவே இல்லை.

கிருஷ்ணமாச்சாரி பின்னர் அரசியல் நிர்ணய சபையின் துணைத் தலைவராகவும், திட்டக் குழுவின் துணைத் தலைவராகவும் பணியாற்றினார். சாசனத்தில் அவர் பெயருக்கு முன் நிற்கும் 'வி' என்ற முதலெழுத்து வாங்கலைக் குறிப்பது.