விரல் கிளிப் இருக்க, ஊசி எதுக்கு?

அப்பாவுக்கு மூச்சுத் திணறல். விரலில் மாட்டிய கிளிப் 94 காட்டியது. அப்புறமும் மணிக்கட்டுத் தமனியில் ஊசி குத்தி ரத்தம் எடுத்தார்கள். வலியில் துடித்துவிட்டார். "கிளிப்தான் இருக்கே டாக்டர்?" என்று சண்டைக்கே போய்விட்டேன்.

தோலைத் துளைத்தாலோ, உடலுக்குள் கருவி நுழைந்தாலோ அது ஊடுருவும் முறை. எவ்வளவு ரத்தம் என்பது கணக்கில்லை. சுகர் பார்க்கக் குத்தும் ஒரு சொட்டும் அதில் சேர்த்திதான். கிளிப் அப்படியல்ல. 1974-இல் ஜப்பானின் தக்குவோ அவோயாகி கண்ட வழி அது: சிவப்பு, அகச்சிவப்பு ஒளிகளை விரல் வழியே அனுப்பி, நாடியோடு சேர்ந்து துடிக்கும் பகுதியை மட்டும் கணக்கிடுவது. கருத்த தோலில் சில சமயம் கூட்டியே காட்டும் (நம்ம ஆட்கள் கவனிக்க). கார்பன் டை ஆக்சைடு ஏறினால் அதற்குத் தெரியவே தெரியாது.

அப்பாவுக்கு ஏறியிருந்தது. அன்று ராத்திரியே பைபேப் மாஸ்க் மாட்டினார்கள்.