கமராவுக்கு முன் மண்வெட்டி

ஒரு கிராமத்தைப் பற்றி விவரணப்படம் எடுக்க எத்தனை நாட்கள் வேண்டும்? தொலைக்காட்சிக்காரர்கள் காலையில் வந்து பின்னேரம் திரும்பிவிடுகிறார்கள். யப்பானிய இயக்குநர் ஒகாவா ஷின்சுகேயோ ஒரே கிராமத்துக்கு ஏறக்குறைய 13 ஆண்டுகளைக் கொடுத்தார்.

அதற்கு முன், 1968இல், அவரும் குழுவினரும் சன்ரிசுக்காவுக்குச் சென்றார்கள். நரிட்டா விமான நிலையத்துக்காகத் தம் காணிகள் எடுக்கப்படுவதை எதிர்த்து விவசாயிகள் போராடிய இடம் அது. குழுவினர் அவர்களோடு தங்கி வாழ்ந்தே படமெடுத்தனர். முதற்படங்களில் பொலிஸாருடனான மோதல்களே அதிகம். 1973இல் வந்த 'ஹெட்டா கிராமம்' படத்தில் அந்த ஆரவாரம் அடங்கிவிடுகிறது. முதியவர்கள் உட்கார்ந்து பேசுகிறார்கள். கமரா இடையில் வெட்டாமல் கேட்டுக்கொண்டிருக்கிறது. நேற்று வந்தவரிடம் எந்த ஊர்ப் பெரியவரும் அப்படி மனந்திறக்கமாட்டார் என்றே நான் நினைக்கிறேன்.

பின்னர், விவசாயியும் கவிஞருமான ஒருவரின் அழைப்பில், யமகட்டா மாகாணத்தின் மகினோ கிராமத்தில் குடியேறினார்கள். படம் எடுக்கும் முன் வயல் செய்யப் பழகினார்கள். வேளாண்மையை நம்பி வாழும் ஊர்களிலிருந்து வரும் நமக்கு இதன் அருமை சொல்லாமலே விளங்கும். வயலில் இறங்கியதும் அவர்களுடைய கேள்விகளே மாறிவிட்டன. "உங்கள் வாழ்க்கை எப்படி?" என்று கேட்பவருக்குப் பொதுவான பதில்தான் கிடைக்கும். "இந்த மூலையில் மட்டும் ஏன் பயிர் பிந்துகிறது?" என்று கேட்பவரோடு விவசாயி வரம்பில் குந்தியிருந்து பேசுவார். அருகிலுள்ள ஃபுருயாஷிகியில் எட்டு வீடுகளே எஞ்சியிருந்தன. அங்கு குளிர்காற்று நெல்லை எப்படிக் கெடுக்கிறது என்பதை, நிலத்தின் சிறு மாதிரி ஒன்றைச் செய்தே 1982இல் வந்த படத்தில் விளக்குகிறார்கள். மகினோவைப் பற்றிய 'ஆயிரம் ஆண்டுகளைச் செதுக்கிய சூரியக் கடிகாரம்' மூன்றரை மணித்தியாலத்துக்கும் மேல் ஓடும். அதில் நெற்பூ விரிவதையும் காணலாம். ஊர்ப் பழங்கதைகளில் ஊரவர்களே நடிப்பதையும் காணலாம்.

ஆனால் எனக்கு ஒரு கேள்வி. இத்தனை ஆண்டுகள் இந்தக் குழுவுக்குச் சமைத்தது யார்? பார்பரா ஹேமர் 2000ஆம் ஆண்டில் இக்குழுவைப் பற்றியே எடுத்த 'டிவோஷன்' படத்தில் அங்கிருந்த பெண்கள் பேசுகிறார்கள். அடுப்படி பெரும்பாலும் அவர்களுடையதாகவே இருந்திருக்கிறது. ஊராரைப் பொறுமையோடு பார்த்த கமரா தன் வீட்டுக் குசினியைப் பார்க்கவில்லை.

நம் ஊர்களில் இந்த வேலை இன்னும் நுட்பமானது. கலியாண வீட்டின் உள்ளறைக்கு வெளியாள் ஒருவர் கமராவோடு நுழைய முடியாது. அவ்வீட்டுப் பிள்ளை நுழையலாம். ஆனால் வெளியாள் படத்தை முடித்துக்கொண்டு போய்விடுவார். பிள்ளையோ மறுநாளும் அதே ஒழுங்கையால்தான் நடக்கவேண்டும். ஆகவே படம் பிடிக்கச் சம்மதித்தார்களா என்பதோடு, பிடித்ததைக் காட்டச் சம்மதமா என்றும் தனியாகக் கேட்கவேண்டும். முதற் சம்மதம் பெரும்பாலும் முகத்தாட்சண்யத்துக்காகக் கிடைப்பது.

என் உம்மம்மா பன்பாய் இழைப்பதைப் படமாக்கக் கேட்டிருக்கிறேன். "கையை மட்டும் எடு மகள், முகம் வேணாம். அதுக்கு முதல் நீயும் ஒரு பாய் இழை," என்றார். இப்போது பன் கிழிக்கப் பழகிக்கொண்டிருக்கிறேன்.