காட்சியும் சொல்லும்

சென்ற கோடை விடுமுறையில், மரக்காணத்து உப்பளக் கரையொன்றில் வேலை ஓய்ந்த தொழிலாளர் சிலர் கைப்பேசியைச் சூழ்ந்து கிரிக்கெட் ஆட்டம் கண்டிருக்க, நாமும் உடனமர்ந்திருந்தோம். அவருள் முதியவரொருவர் நம்மை நோக்கி, "படந்தான் தெரியுதே தம்பி, அப்புறம் எதுக்கு அந்தாளு ஓயாம பேசுறாரு?" என்றார். நேர்முக வருணனையைத் தொழிலாகக் கொள்ள விழையும் நமக்கு விடை கூறல் இயலாதாயிற்று.

வானொலியில் இவ்வினாவிற்கு இடமில்லை. ஆங்குச் சொல்லே காட்சி. வானொலி நாடகக் கலைஞராயிருந்து கிரிக்கெட் வருணனையிலும் புகழெய்திய சாத்தான்குளம் அப்துல் ஜப்பார் (மறைவு 2020) பேசுங்கால், மைதானத்தைக் கண்டறியாதவரும் பந்து சென்ற திசையை அறிந்தனர். தொலைக்காட்சியோ அவ்வேலையைத் தானே செய்துவிடுகின்றது. எஞ்சுவது யாது?

இவ்விடர்ப்பாடு அமெரிக்காவில் முன்னரே தோன்றிற்று. கிரிக்கெட்டைப் போலவே பந்தும் மட்டையும் கொண்டு ஆடும் பேஸ்பால், பெருங்குழுக்களின் ஆட்டமாக முதன்முதல் தொலைக்காட்சியில் வந்தது 1939 ஆகஸ்டு 26ஆம் நாள், புரூக்ளினிலிருந்து. பேசியவர் ரெட் பார்பர். படக்கருவிகள் இரண்டே, மக்கள் காணும் காட்சியைக் காட்டும் திரையும் அவர்முன் இல்லை. ஊகித்தே பேசினார்!

அவர் தேர்ந்தெடுத்த இளைஞர் வின் ஸ்கல்லி. ஃபோர்டாம் பல்கலைக்கழகத்தில் பயிலும்போதே மாணவர் வானொலியில் வருணித்துப் பழகியவர். (நம் விளையாட்டு விழாவில் ஒலிபெருக்கிக்குப் போட்டியிடும் நண்பர்கள் கவனிப்பார்களாக.) 1949இல் பாஸ்டன் நகரில், குளிரில் மேலங்கியுமின்றி, மைதானக் கூரைமீதிருந்து ஓராட்டத்தை வருணித்தார், தம் துன்பத்தைப்பற்றி ஒரு சொல்லும் உரைத்திலர். பின்னர் அதனையறிந்து வியந்தார் பார்பர். மறு ஆண்டே ஸ்கல்லி டாட்ஜர்ஸ் குழுவின் வருணனையாளரானார்; 2016 வரை 67 பருவங்கள் பேசினார். பிறர் வருணனையைக் கேட்டு அவர்போற் பேசாதே என்பது பார்பர் அவருக்குக் கூறிய அறிவுரை.

பருவமொன்றில் ஒரு குழு ஆடுவன 162 ஆட்டங்கள். பந்துக்கும் பந்துக்கும் இடையே காலம் மிகுதி. அவ்விடைவெளியில் ஆட்டக்காரரின் ஊரும் வரலாறும் கதையாக விரியும். படம் காட்டாததைச் சொல்லுதலே தொழில் என்று நாம் முதலில் எண்ணினோம். அது பாதியே.

1988ஆம் ஆண்டின் உலகத் தொடர் முதலாட்டம். கால்களிரண்டும் நலிந்த கர்க் கிப்சன், நொண்டியவாறே இறுதிக் கட்டத்திற் களம்புகுந்து, பந்தை வேலிக்கப்பால் அடித்துத் தம் குழுவை வெல்வித்தார். பந்து போய் விழுந்ததைச் சொன்ன ஸ்கல்லி வாய்மூடினார். ஒரு நிமிடத்துக்கு மேல் மக்களின் ஆரவாரமேயன்றி அவர் குரலில்லை.

சின்னாள் கழித்து அப்பதிவை உப்பளத்து முதியவருக்குக் காட்டினோம். ஆங்கிலமும் பேஸ்பாலும் அறியாத அவர், கிப்சன் நொண்டியோடி முடிக்குமளவும் கண்ணெடுத்திலர். பின்னர், "இந்த ஆளு பேசலாம் தம்பி" என்றார்.